பரிசீலனைமானி

நெற்றிப்பட்டை மறுபடியும் சிவப்பாக எரிந்தது. மேசைத்திரையில் எழுத்து ஓடியது: 'மனம் இருக்கும் இடம்: கேன்டீன்.'

"ஒரு வடையை நினைச்சது குத்தமா?" என்று வீட்டுவசதித் துறைச் செயலர் சிங்காரவடிவேல் இயந்திரத்திடம் சண்டைக்குப் போனார்.

மனுவைப் பரிசீலிக்கும்படி நீதிமன்றம் சொல்லும். 'பரிசீலித்து நிராகரிக்கப்பட்டது' என்று துறை ஒரு வரி எழுதி அனுப்பும். ஆணையை மீறியதாக யாரும் சொல்ல முடியாது. காலங்காலமாக ஓடிய அந்த வண்டியின் அச்சாணியை நீதிபதி மங்கையர்க்கரசி பிடுங்கிவிட்டார். அவர் கொண்டுவந்த இந்த நெற்றிப்பட்டை, பரிசீலனைமானி, அதிகாரி மனுவை உண்மையாகவே நினைத்துப் பார்த்தால்தான் பச்சை காட்டும். இன்று மாலைக்குள் பச்சை எரியாவிட்டால் சிங்காரவடிவேலுக்குச் சிறை.

மனு என்னவோ சின்னதுதான். அரசு அடுக்ககத்தில் லிஃப்ட் ஓடவில்லை. பதினான்காம் மாடியில் இடுப்புக்குக் கீழே உணர்வில்லாமல் கிடக்கிறான் லூர்து. அவன் மனைவி ஜெசிந்தாதான் மனுதாரர். எதிரே உட்கார்ந்திருந்தாள்.

சிங்காரவடிவேல் மனுவை மீண்டும் படித்தார். சிவப்பு. 'மனம் இருக்கும் இடம்: சிறைச்சாலைக் கழிப்பறை.'

"நீங்களாவது ஏதாவது சொல்லுங்கம்மா. உங்க வீட்டுக்காரர் நாளெல்லாம் என்ன செய்வார்?"

"என்னத்த செய்வாரு? கட்டில்லதான். மழைன்னா மட்டும் உசுரு வந்துரும் சார். ஜன்னல் கம்பி வழியா கைய நீட்டுவாரு. முழங்கை வரைக்கும்தான் நனையும். அந்த ஈரத்த எடுத்து நான் மூஞ்சில தடவி விடுவேன்."

பட்டை எப்போது பச்சையானது என்று சிங்காரவடிவேலுக்கே தெரியாது. லிஃப்டுக்கு ஒப்புதல் எழுதி, அதைப் பச்சை எரிந்ததைச் சொல்லும் அறிக்கையோடு வைத்து, ஜெசிந்தாவையும் காரில் ஏற்றிக்கொண்டு நீதிமன்றத்துக்கு ஓடினார்.

மேசையில் கட்டுக்கட்டாக வழக்குகள். நீதிபதி தலை நிமிரவில்லை. "வீட்டுவசதித் துறையா? அறிக்கை கவனமாகப் பரிசீலிக்கப்பட்டது. வழக்கமான ஏமாற்று. நிராகரிக்கிறேன். செயலரைக் காவலில் எடுங்கள்."

காவலர் சிங்காரவடிவேலின் தோளில் கை வைத்தார். அறிக்கை போனால் ஒப்புதலும் போச்சு. ஜெசிந்தா எழுந்தாள்.

"அம்மா, நீங்க அதப் பிரிக்கவே இல்லியே?"

"கவனமாகப் பரிசீலித்தாயிற்று."

"அப்ப இத ஒரு தடவ மாட்டிக்குங்கம்மா." சிங்காரவடிவேலின் நெற்றியில் இன்னும் கழற்றாமலிருந்த பட்டையை உருவி நீட்டினாள்.

மறுத்தால் தன் ஆணையைத் தானே அவமதித்ததாகும். நீதிபதி மாட்டிக்கொண்டார். சிவப்பு. அரங்கின் பெரிய திரையில் எழுத்து ஓடியது: 'மனம் இருக்கும் இடம்: அடுத்த வழக்கு.'

யாரோ சிரித்து, அதை அவசரமாக இருமலாக்கினார்கள்.

நீதிபதி தொண்டையைச் செருமினார். "ரெண்டு வாரம்... அவகாசம் வேணும்."

சர்வீஸ் முழுக்கத் தான் கெஞ்சிய வாக்கியத்தை எதிர்ப்பக்கத்திலிருந்து கேட்டபோது, சிங்காரவடிவேலுக்கு அது எவ்வளவு கேவலமான வாக்கியம் என்று புரிந்தது.

"ரெண்டு வாரத்துல மழ நின்னுரும்மா," என்றாள் ஜெசிந்தா.

"மழையா?" நீதிபதி முதன்முறையாக அவள் முகத்தைப் பார்த்தார். அவள் ஜன்னல் கம்பியையும் நனைந்த கையையும் சொன்னாள். அறிக்கையைப் பிரித்து, ஒவ்வொரு பக்கமாக நீதிபதி படித்தார். நேரம் போய்க்கொண்டே இருந்தது. பட்டை மெல்லப் பச்சையானது.

"அறிக்கை ஏற்கப்படுகிறது. லிஃப்ட் வேலை நாளைக்கே தொடங்கட்டும். அவரை விடுங்கள்."

டவாலி அடுத்த வழக்கைக் கூப்பிட்டார். நீதிபதி பட்டையைக் கழற்றக் கையை உயர்த்தினார்.

அரங்கில் காத்திருந்த மனுதாரர்கள் அத்தனை பேரும் எழுந்து நின்றுகொண்டிருந்தார்கள். எல்லார் கண்ணும் அந்தப் பட்டையின் மேல் இருந்தது. உயர்த்திய கை நெற்றியருகே அப்படியே நின்றது.