கோட்டில் நிற்கும் மஞ்சள் கார்

2008 செப்டம்பர் 27, சனிக்கிழமை, மதியம் 1.34. சர்வரில் இருந்தவர்கள்:

ஃபரீத். விருதுநகர் பஜாரில் செல்போன் ரிப்பேர் கடை. சர்வர் அவருடையது.

வெள்ளைத்துரை. சாத்தூர் தீப்பெட்டி ஆபீஸில் லோடு அனுப்புபவர்.

பானுப்பிரியா. சிவகாசி அச்சகமொன்றில் காலண்டர் டிசைன் செய்பவர்.

மாரிக்கண்ணன். ஆனைக்குட்டம். பட்டாசுக் கம்பெனியில் மருந்து கலப்பவர். செத்து நாற்பத்து நான்கு நாள் ஆகியிருந்தது.

அது ஒரு பழைய கார் பந்தய விளையாட்டு. தயாரித்த கம்பெனி ஐந்து வருஷத்துக்கு முன்பே தன் சர்வரை மூடிவிட்டது. அதற்குப் பிறகு டி.வி.யில் மாட்டி ஆடும் கன்சோலில் டெலிபோன் வயரைச் செருகினால், அது பழைய முகவரியைத் தேடிக் கிடைக்காமல் கறுப்புத் திரையில் நின்றுவிடும். ஃபரீத் வெளிநாட்டு ரசிகர்கள் சிலரோடு இணையத்தில் பேசிப் பேசி, ஒன்றரை வருஷ உழைப்பில், அந்தத் தேடலைத் தன் கடைக் கணினிக்குத் திருப்பிவிட்டார். செத்த விளையாட்டு எழுந்து உட்கார்ந்தது. மாவட்டத்தில் ஐந்து பேர் ஓட்டினார்கள்.

மஞ்சள் கார் தொடக்கக் கோட்டில் வந்து நின்றது. மேலே பெயர்: மாரி.

பந்தயம் தொடங்கியது. மூன்று கார்கள் கிளம்பின. மஞ்சள் கார் கிளம்பவில்லை. ஒவ்வொரு சுற்றிலும் அதைத் தாண்டிப் போனார்கள். வெள்ளைத்துரை ஒரு தடவை இடித்துப் பார்த்தார். ஓரடி நகர்ந்து நின்றது.

'யாருலே அது?' என்று அவர் திரையில் எழுதினார்.

மணி சரியாக இரண்டு. மஞ்சள் கார் மறைந்தது.

பானுப்பிரியா ஃபரீதுக்குப் போன் செய்தாள். "அண்ணே, இனி நான் வரல. மெஷினைத் தூக்கிப் பரண்ல போட்டுட்டேன்."

காலை 11.10, திங்கள். சிவகாசிப் பக்கத்துக் காவல் நிலையம் ஒன்று.

சப் இன்ஸ்பெக்டர் ஞானசுந்தரி, ஃபரீத் கொண்டுவந்த தாள்களைப் புரட்டினார். யார் எப்போது வந்தார்கள், போனார்கள் என்று சர்வர் குறித்துவைத்த பட்டியல்.

ஹெட் கான்ஸ்டபிள் சங்கிலிமுத்து எட்டிப் பார்த்துச் சிரித்தார். "பேய்க்கு எஃப்.ஐ.ஆர். போடணுமாம்மா?"

"டீ சொல்லுங்க" என்றார் ஞானசுந்தரி. பிறகு ஃபரீதிடம்: "பேரு எப்படி வருது?"

"மெமரி கார்டு மேடம். தீப்பெட்டி அளவு இருக்கும். ஒவ்வொருத்தர் கார்டுலயும் நான் ஒரு நம்பர் எழுதிக் குடுத்திருக்கேன். கார்டு யார் கையில இருக்கோ, அவங்கதான் அந்தப் பேரு."

"நகல் எடுக்கலாமா?"

"முடியாது."

"எந்தப் போன்லருந்து வருது?"

"டெலிபோன் ஆபீசுக்கு எழுதிக் கேக்கணும். மாசக்கணக்காகும்."

ஞானசுந்தரி பேனாவால் தாளைத் தட்டினார். மாரி இறந்தது ஆகஸ்ட் 14. அந்தப் பெயர் மீண்டும் வந்தது செப்டம்பர் 11. அதன் பிறகு ஐந்து தடவை. எல்லாமே ஒன்றரைக்கு மேல் வந்து, இரண்டு மணிக்கு அறுந்தவை.

"அதென்ன, இருபத்தெட்டு நாள் சும்மா இருந்துட்டு வருது?"

ஃபரீத் தயங்கினார். "முப்பது நாள் வராத பேரை சர்வரே அழிச்சிரும் மேடம். ஹார்ட் டிஸ்க் சின்னது. விளையாடுறவங்களுக்கு மட்டும் சொல்லியிருக்கேன்."

ஞானசுந்தரி பழைய கேஸ் கட்டை எடுத்தார். ஆகஸ்ட் 14, பகல் 12.20. மருந்து செட்டில் வெடி. மூன்று சாவு: மாரிக்கண்ணன், பக்கத்து அறையில் திரி சொருகிய இரண்டு பெண்கள். காரணம்: மாரிக்கண்ணன் விதியை மீறிச் சட்டைப்பையில் வைத்திருந்த செல்போன். சாம்பலுக்குள் போன் கிடைத்தது. சாட்சி: போர்மேன் முத்துப்பாண்டி. கேஸ் மூடப்பட்டது.

மதியம் 12.40. ஆனைக்குட்டம்.

மாரியின் மனைவி வள்ளித்தாய் கதவுக்கு வெளியே வந்து நின்றாள். எதிர் வீட்டு வாசலில் சுடலை பீடி பிடித்துக்கொண்டிருந்தான். செத்த பெண்களில் ஒருத்தி அவன் மனைவி.

"போலீசு வாங்க, வாங்க" என்றான் சத்தமாக. "போனைக் கொண்டுபோயி மூணு உசுரை எடுத்தவன் வீடு இதான்."

வள்ளித்தாய் அவன் பக்கம் திரும்பவில்லை. "தெனமும் இதான்மா. கம்பெனி வேன்ல நான் ஏறுனா பொம்பளைக எறங்கிருதாக. என்னைய எதுவும் சொல்லிட்டுப் போகட்டும். அவுக பேரு மட்டும் இப்படி நிக்கக் கூடாது."

"மெமரி கார்டு எங்க?"

"அவுககூட எரிஞ்சு போச்சுன்னு நெனச்சேன். போனும் கார்டும் ஒரே சுருக்குப் பையிலதான் வப்பாக. நான் தச்ச பை. வீட்டுல வச்சா எலி கடிச்சிரும்னு பயம்."

"அன்னைக்கும் கொண்டுபோனாரா?"

"விடியக்காலம் விளையாண்டுட்டு, உருவிப் பையில போட்டுக்கிட்டுத்தான் வேனுக்கு ஓடுனாக."

டி.வி.க்கு அடியில் கன்சோல் இருந்தது. அதன் மேல் விரல் வைத்தால் தடம் விழுமளவு தூசி.

"டெலிபோன்?"

"போன மாசக் கடைசியிலேயே ஒப்படைச்சாச்சு."

"முப்பது நாள் விஷயம் தெரியுமா?"

"எதும்மா?"

ஞானசுந்தரி வெளியே வந்து, சுடலையிடம் போய் நின்றார். "இங்கன கரண்டு எப்ப போகும்?"

"ரெண்டு டு நாலு. இந்த லைன் பூரா."

அன்று மாலை 4.30. கம்பெனி ஆபீஸ். போர்மேன் முத்துப்பாண்டி, நாற்பது வயது, நகக்கண்ணில் அலுமினியப் பொடி. கேட்பதற்குமுன் எழுந்து நின்றார்.

"கேட்டுல சோதனை போடுறது யாரு?"

"நான்தாம்மா. பையில உள்ளதைப் பூரா மர அலமாரியில வச்சிட்டுத்தான் உள்ள விடுவேன். ஒளிச்சுக் கொண்டுபோறவனை என்ன செய்ய?"

"மருந்து கலக்குறது எத்தனை மணி வரைக்கும்?"

"வெயில் ஏறுமுன்ன முடிச்சிரணும். ஒம்போது, மிஞ்சினா பத்து."

"வெடிச்சது பன்னெண்டு இருவது."

"மிச்சம் மீதியை ஒதுக்கப் போயிருப்பான்."

"நீங்களும் கார் விளையாட்டு ஆடுவீகன்னு ஃபரீத் சொன்னாரே?"

"ஆடுனேன். மாரி போன பொறகு தொடல."

"வீடு?"

"ஆனைக்குட்டம்தான். மாரி வீட்டுக்கு ரெண்டு தெரு தள்ளி."

"மத்தியானச் சாப்பாடு?"

"வீட்டுக்குப் போயிருவேன்."

ஞானசுந்தரி வேறு எதுவும் கேட்கவில்லை.

அக்டோபர் 1, புதன், மதியம் 1.41. ஊருக்குள் திரும்பும் ஆனைக்குட்டம் விலக்கில் ஜீப் நின்றது. செல்போன் அடித்தது. ஃபரீத்.

"மேடம், வந்திருச்சு. கோட்டுல நிக்குது."

1.52. முத்துப்பாண்டியின் வீட்டுக் கதவு ஒருக்களித்துத் திறந்திருந்தது. மனைவி தீப்பெட்டிக் கட்டு ஒட்டப் போயிருந்தாள். அவர் டி.வி. முன்னால் தரையில் சம்மணமிட்டு உட்கார்ந்திருந்தார். சோற்றுத் தட்டில் கை படவில்லை. திரையில் மஞ்சள் கார். ஜாய்ஸ்டிக் பாயில் கிடந்தது. யாரும் தொடவில்லை.

அவர் திரும்பிப் பார்த்தார். எழவில்லை.

"அது மாரி கார்டு" என்றார் ஞானசுந்தரி.

"அவன் குடுத்ததும்மா. சாகுறதுக்கு ஒரு வாரம் முன்னால."

"ஆகஸ்ட் பதினாலு, காலை 5.41லருந்து 5.58 வரைக்கும் இந்தக் கார்டுல மாரி ஓட்டியிருக்கான். ஃபரீத் மெஷின் எழுதி வச்சிருக்கு. ஆறு மணிக்கு வேன். ஒரு வாரம் முன்னால குடுத்த கார்டு எப்படி அவன்கிட்ட இருந்துச்சு?"

முத்துப்பாண்டி சோற்றுத் தட்டை ஓரமாக நகர்த்தினார்.

"கார்டும் போனும் ஒரே பை. கார்டு எரியல. அப்ப பை கேட்டுலயே வெளிய வந்திருக்கு. பை வந்தா போனும் வந்திருக்கு. வெறும் சட்டைப்பையோட உள்ள போனவன் போன், சாம்பலுக்குள்ள எப்படிப் போச்சு?"

சங்கிலிமுத்து வாசலை அடைத்து நின்றார்.

"சாத்தூர்லயோ சிவகாசியிலயோ விருதுநகர்லயோ ரெண்டு மணிக்கு கரண்டு போறதில்ல, விசாரிச்சாச்சு. முப்பது நாளைக்குள்ள வரலைன்னா பேரு அழிஞ்சிரும்ங்கிறது ஆடுறவங்களுக்கு மட்டும்தான் தெரியும். ஆனைக்குட்டம் லைன்ல ஆடுறது ரெண்டே பேரு. ஒருத்தன் செத்துட்டான்."

"தீபாவளி லோடும்மா" என்றார் முத்துப்பாண்டி. குரல் சாதாரணமாக இருந்தது. "ரெண்டாவது கலவை போடச் சொன்னேன். வெயிலா இருக்கு, வேண்டாம் மாமான்னு சொன்னான். நான்தான் சத்தம் போட்டு அனுப்புனேன். வெடிச்சதும் அலமாரியில பை இருந்துச்சு. போனை எடுத்து உள்ள எறிஞ்சேன். கார்டை எறியக் கை வரல."

"ஊருல அவன் பேரைக் கெடுத்துட்டு, இங்கன காப்பாத்தி வச்சிருக்கீக."

"ஒரு நிமிசம் வந்துட்டுப் போனாப் போதும்மா, பேரு நிக்கும். ஆனா சுவிட்சை அமத்த முடியல. அவனை ரெண்டாவது தடவையும் நானே எப்படி அணைக்க? கரண்டு போகட்டும்னு உக்காந்திருப்பேன்."

மின்விசிறி மெதுவானது. திரை ஒரு புள்ளியாகச் சுருங்கி அணைந்தது. மணி இரண்டு.

ஞானசுந்தரி கார்டை உருவிக் கவரில் போட்டார். "ஸ்டேஷன்ல அப்புறம் எழுதிக்கலாம். மொதல்ல ரெண்டு தெரு தள்ளி வாங்க. என்கிட்ட சொன்னதை அங்கன ஒரு தடவை சொல்லணும்."

2.15. தெருவில் வேலைக்குப் போகாதவர்கள் எல்லாம் கூடிவிட்டார்கள். முத்துப்பாண்டி நடுவில் நின்று சொன்னார். முதலில் மெதுவாகச் சொன்னார். "கேக்கல, சத்தமாச் சொல்லுங்க" என்றார் சங்கிலிமுத்து. மறுபடி சொன்னார். வெயிலில் கலக்கச் சொன்னது, போனை எறிந்தது, சாட்சி சொன்னது, எல்லாம்.

சுடலை அவர்மேல் பாய்ந்தான். இரண்டு கான்ஸ்டபிள்கள் பிடித்து விலக்கினார்கள். முத்துப்பாண்டியை ஏற்றிக்கொண்டு ஜீப் போனது.

வள்ளித்தாய் வாசலில் நின்றுகொண்டிருந்தாள். அழவில்லை. வேனிலிருந்து இறங்கிப்போன பெண்களில் மூன்று பேர் அவளிடம் வந்தார்கள். ஒருத்தி அவள் கையைப் பிடிக்கத் தன் கையை நீட்டினாள்.

சுடலை தெருவைக் கடந்து வந்தான். "தாயி, எனக்குத் தெரியாது. அவன் சொன்னதை நம்பிட்டேன். மாரியைப் போயி..."

வள்ளித்தாய் அவனை முழுசாக ஒரு தடவை பார்த்தாள். நீட்டிய கையையும் பார்த்தாள்.

"நாப்பத்தெட்டு நாளு" என்றாள்.

உள்ளே போனாள். கதவு மூடியது. தாழ்ப்பாள் விழுந்தது. பிறகு பூட்டில் சாவி திரும்பும் சத்தம் வெளியே நின்ற எல்லோருக்கும் கேட்டது.