இறக்கிக் கேட்ட குரல்

மட்டாஞ்சேரி பஜாரில் மஞ்சுஷா நடத்தும் கம்ப்யூட்டர் சென்டருக்கு வெங்கிட்டு ஒரு சிடியோடு வந்தார். நகராட்சியில் முப்பது வருடம் மேஸ்திரியாக இருந்தவர். யாரிடமும் உதவி என்று கேட்டதில்லை. இன்று பாலையாவிடம் கேட்க வேண்டியதாயிற்று. துறைமுகத்தில் சிக்னல் வேலை பார்த்து ஓய்ந்த பாலையாதான் அந்த வட்டாரத்தில் துப்புத் துலக்குகிறவர்; பகலெல்லாம் மஞ்சுஷாவின் சென்டரில்தான் உட்கார்ந்திருப்பார்.

தகப்பனில்லாத தங்கை மகள் விஜிக்குப் பாலக்காட்டில் சம்பந்தம் பேசி முடித்திருந்தார். முந்தாநாள் மாப்பிள்ளை வீட்டுக்கு இந்த சிடி தபாலில் போயிருக்கிறது. கல்யாணம் முடிந்ததும் நகையோடு வந்துவிடுகிறேன் என்று யாரிடமோ ஒரு பெண்குரல் சொல்கிறது. அவர்கள் சிடியை வெங்கிட்டுவிடமே கொடுத்தனுப்பி, மாலைக்குள் பதில் வராவிட்டால் சம்பந்தம் முறிந்தது என்றுவிட்டார்கள். தான் பேசவில்லை என்ற விஜி பச்சைத் தண்ணீர்கூடத் தொடவில்லை.

"குரல் அவளோடதுதானா?" என்றார் பாலையா.

"என் மகன் ஜிதின் சந்தேகமே இல்லைங்கறான். பக்திப்பாட்டு ஸ்டுடியோல இருக்கான், காது தப்பாது."

"முறைப்பையன்தானே? அவனுக்கே கட்டி வெச்சிருக்கலாம்" என்று மஞ்சுஷா வாயைக் கொடுத்தாள்.

"வெளியே வாக்குக் கொடுத்தாச்சு" என்றார் வெங்கிட்டு.

பாலையா மூன்று முறை போடச் சொல்லிக் கேட்டார். குரலுக்குப் பின்னால் மெல்லிசாக ஒரு கீச்சொலி.

"ஏதோ பீப்பி, சேட்டா" என்றாள் மஞ்சுஷா.

"வெலிங்டன் தீவுல ஷிப்டுக்கு ஊதற சங்கு. ரெண்டு நெடில், ஒரு குறில். எருமை மாதிரி கத்தும். இதுல கொசு மாதிரி இருக்கு."

மஞ்சுஷா நிமிர்ந்து உட்கார்ந்தாள். ஆண்குரலைப் பெண்குரலாக ஏற்றுகிற பிளகின் என்ற குட்டி மென்பொருள் உண்டு என்றும், ஏற்றும்போது பின்னணிச் சத்தமும் சேர்ந்தே ஏறும் என்றும் சொன்னாள். "ஆனா சங்கை ஏன் துடைக்கலை? அதுக்கும் பிளகின் இருக்கே."

"வெளியூர்க்காரன்னா துடைச்சிருப்பான். இங்கே பிறந்தவனுக்கு அந்தச் சத்தம் காதுலயே விழாது. இறக்கு. குரலைக் கவனிக்காதே, சங்கு சங்காகிற வரைக்கும் இறக்கு."

விண்டோஸ் திரையில் அந்தப் பிளகினைத் திறந்து, மஞ்சுஷா குமிழை ஒவ்வொரு படியாக இறக்கினாள். ஆறாவது படியில் சங்கு கனத்தது. பாலையா கை காட்டினார். இப்போது பேசியது ஓர் ஆண். மஞ்சுஷா மௌஸிலிருந்து கையை எடுத்துக்கொண்டாள். வெங்கிட்டுக்கு யாரும் பெயர் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

"பேர் கெட்டுப்போனா வேற யார் கட்டுவாங்க, நீங்களே தன் கையில கொடுத்துருவீங்கன்னு நினைச்சிருக்கான்" என்றார் பாலையா அலுப்போடு. "இந்த வேலையிலேயே இருக்கறவனுக்குக் குரல் மாத்தினது தெரியாம இருக்குமா? கேட்டதும் விஜி குரல்னு அடிச்சுச் சொன்னான் பாருங்க, அங்கேயே எனக்கு இடிச்சுது." பிறகு குரலைத் தாழ்த்தினார். "யாரோ விஷமின்னு சொல்லிக்கலாம். பேர் வேண்டாம்."

வெங்கிட்டு தலையை அசைத்து மறுத்தார். யாரோ என்றால், அந்த யாரோ விஜிக்கு வேண்டியவன் என்றுதான் ஊர் முடிவு கட்டும். அவர் போனை இழுத்துப் பாலக்காட்டு எண்ணைச் சுழற்றினார்.

"சம்பந்தி, வெங்கிட்டு பேசறேன். பொண்ணு மேல ஒரு குத்தமும் இல்லை. அந்தக் குரல் ஜிதினோடது." மறுமுனை எதையோ கேட்டது. அவர் முதுகை நிமிர்த்திக்கொண்டார்.

"ஆமா. நான் பெத்தவன்தான்."