எழுந்திருக்காதவர்கள்

படத்துக்காகச் செத்துக் கிடந்த நெல்லியின் விரல்களில் பக்கத்தில் கிடந்தவளின் கை பட்டது. சில்லென்று இருந்தது.

அமெரிக்காவில், டகோட்டாவின் ஜூலை வெயில் புல்லைக் கருக்கிக்கொண்டிருந்தது. வெற்றுத் தோட்டாக்களின் புகை தொண்டையில் கசந்தது. மேட்டின் மேல் கேமராவின் கைப்பிடியைச் சுற்றும் கடகட சத்தம் மட்டும் நிற்காமல் கேட்டது. கண்ணைத் திறந்தால் காட்சி கெட்டுவிடும். மூடியபடியே யோசித்தாள். அவளோடு நடிக்க வந்த லகோட்டாப் பழங்குடிப் பெண்கள் எல்லோரும் ஓடைக்கரையில் அல்லவா விழுந்தார்கள்? இந்தப் பள்ளத்தில் அவளும் கணவன் ஆமோஸும் மட்டும்தானே?

டோபின் மேல்தான் சந்தேகம் வந்தது. சிப்பாய் வேஷம் கட்டிய கிழவன். ஒரு காலத்தில் நிஜச் சிப்பாய். "அந்தப் பனிக்காலத்துல, இதே பள்ளத்துல உங்க சனத்த நெசமாவே சுட்டிருக்கேன். ஒரு குறியும் தப்பல" என்று காலையில்தான் சிரித்தான். நிஜத் தோட்டா போட்டு எவளையாவது கொன்றுவிட்டானோ?

கேமரா நின்றது. நெல்லி திரும்பிப் பார்த்தாள். பக்கத்தில் யாருமில்லை. புல் மட்டும் ஈரமாக நசுங்கியிருந்தது.

நேரே டோபினிடம் போனாள். "துப்பாக்கியைக் காட்டு."

"என்ன, பயந்துட்டியா?"

"காட்டுய்யா!"

திறந்து காட்டினான். உள்ளே குண்டு இல்லை, வெறும் காகித அடைப்பு. "நான் யாரையும் சுடல, தாயி. இந்தத் தடவை சுடல."

"இன்னொரு தடவை! வெளிச்சம் இருக்கறப்பவே முடிச்சிடலாம்!" என்று மேட்டிலிருந்து டைரக்டர் கத்தினார்.

"வா புள்ள," என்றான் ஆமோஸ். "செத்துக் கெடக்கறதுக்கு என்ன கஷ்டம்?"

மறுபடியும் வெடிச்சத்தம். மறுபடியும் விழுந்தாள். இம்முறை கண்ணை மூடவில்லை. பக்கத்தில் புல் தானாக அமுங்கியது. நனைந்த கம்பளி நாற்றம். நெல்லி விட்ட மூச்சு, குளிர்காலம்போல வெண்புகையாக எழுந்தது.

"போதும்! எல்லாரும் எந்திரிங்க!"

நெல்லி எழுந்தாள். ஆமோஸ் எழுந்தான். ஓடைக்கரைப் பெண்கள் எழுந்தார்கள்.

பள்ளம் நிறைய ஆட்கள் கிடந்தார்கள்.

"எந்திரிங்கன்னு சொன்னேன்ல?" டைரக்டரின் குரல் உடைந்தது.

யாரும் அசையவில்லை. விறைத்த போர்வைகள். கூந்தலில் உறைபனி. ஜூலை மாதம்.

டோபின் துப்பாக்கியை நழுவவிட்டான். தெரிந்தவளைத் தேடிப் போவதுபோல் நடந்து, ஒருத்தியின் அருகே நின்றான்.

அவள் சால்வைக்கு அடியிலிருந்து ஒரு குழந்தையின் சின்னக் கை வெளியே வந்தது. காற்றில் துழாவியது.

அவனுடைய பூட்ஸைப் பிடித்துக்கொண்டது.