காது மந்தமான சாமியின் பின்சுவர்

மூன்றாவது தட்டல் யாருடையது என்று ஷிஹோவுக்குத் தெரியவில்லை.

துறைமுகத்துக் கோயிலில் எப்போதும்போலத்தான் சொல்லிக்கொடுத்திருந்தாள். இரண்டு முறை குனியுங்கள், இரண்டு முறை கை தட்டுங்கள், மறுபடி ஒருமுறை குனியுங்கள், அவ்வளவுதான். ஒசாகாவிலிருந்து சுற்றுலா வந்திருந்த கும்பல் முன்னே பின்னே ஆனாலும் ஒருவழியாகத் தட்டி முடித்தது. கடைசியாகக் குனிந்த தலைகள் நிமிர்வதற்குள், படகுகள் கட்டியிருந்த பக்கத்திலிருந்து, காலையிலிருந்து கலையாமல் கிடந்த கடல்மூட்டத்துக்குள்ளிருந்து இன்னொரு தட்டல் வந்தது. உள்ளங்கைச் சத்தம் போலவே இல்லை. சாப்பிடும் குச்சிகள் இரண்டை ஒன்றோடொன்று அடித்த மாதிரி காய்ந்துபோய், மெல்லிசாக இருந்தது.

"ரெண்டு தட்டுதான்னு சொன்னேனே. யாருங்க அது?"

"நான் இல்லம்மா. எனக்கு ஒண்ணு தட்டவே சோம்பேறித்தனம்" என்றார் ஒகிதா. தொந்தியும் தொப்பியுமாக, வந்ததிலிருந்து வாய் ஓயாத மனிதர்.

"கல்யாணத்தன்னிக்கே பாதிதான் குனிஞ்சாரு. மீதி இன்னும் பாக்கி" என்று அவர் மனைவி சொல்ல, எல்லாரும் சிரித்தார்கள்.

ஷிஹோ சிரிக்கவில்லை. விடிந்ததிலிருந்து அவளுக்கு எரிச்சல்தான். கண் விழித்ததும் சுற்றுலாச் சங்கத் தலைவர் போன் செய்து, "எபிசு பாறையில அந்தக் கேள்வி பதில் நாடகத்தை நீ போடவே மாட்டேங்கறியாமே. வர்றவங்க கேக்கறாங்க. இன்னிக்கும் போடலன்னா நாளையிலிருந்து வேற ஆள பாத்துக்கறேன்" என்று வைத்துவிட்டார். ஏன் போடவில்லை என்று அவருக்குத் தெரியாதா? ஊருக்கே தெரியும். போன இலையுதிர்காலத்தில் அவள் கணவன் தெய்ஜி தனியாகக் கடலுக்குப் போனான். படகு மட்டும் திரும்பி வந்தது. நாலு நாள் தேடினார்கள், பிறகு மீன் சீசன் என்று அவரவர் வேலையைப் பார்க்கப் போய்விட்டார்கள். எரித்து எலும்பு பொறுக்கிப் போட வேண்டிய கலயத்தில் அவனுடைய பழைய தொப்பியை மடித்து வைத்திருக்கிறாள். ஒரு எலும்பு. ஒரே ஒரு விரல் எலும்பு கிடைத்தால் போதும், கல்லறையைத் திறந்து அதை உள்ளே வைத்துவிட்டு அழுது தீர்த்துவிடுவாள். அதைக்கூட இந்தக் கடல் கொடுக்க மாட்டேன் என்கிறது.

மற்றவர்களுக்கு மட்டும் அள்ளிக் கொடுக்கிறது. வசந்தகாலத்திலிருந்து ஊரில் எந்த வலையும் காலியாக வந்ததில்லை. காலையில் கதவைத் திறந்தால் வாசலில் யாராவது மீன் வைத்துவிட்டுப் போயிருப்பார்கள். தெருவில் எதிர்ப்பட்டு நன்றி சொன்னால் முகத்தைப் பார்க்காமல் நழுவுவார்கள். பரிதாபப்படுகிறார்கள் என்று நினைத்து நினைத்து அவளுக்குப் பற்றிக்கொண்டு வரும்.

கரையோரப் பாதையில் கும்பலை நடத்திக்கொண்டு போனாள். இடது பக்கம் பைன் மரங்கள் சொட்டிக்கொண்டிருந்தன. வலது பக்கம் கடல் இருந்தது, தெரியவில்லை. பாசியும் டீசலும் கலந்த வாடைக்கு நடுவே சோயாவும் அரிசிச் சாராயமும் கொதிக்கிற இனிப்பு வாசம் வரவும் ஒகிதா நடையை எட்டிப் போட்டார்.

தெய்ஜியின் அண்ணன் இவாவோவின் கொட்டகை அது. பெரிய அண்டாவில் கடல் நத்தைகள் கருப்புச் சாற்றில் கொதித்துக்கொண்டிருந்தன. இவாவோ எதுவும் பேசாமல் கிண்ணங்களில் அள்ளி வைத்தார். வசந்தத்திலிருந்தே அவருக்குக் குரல் போய்விட்டது. நகரத்து மருத்துவர் பார்த்துவிட்டு ஒன்றுமில்லையே என்றாராம்.

"இதை எப்படிம்மா பிடிக்கிறாங்க?" என்று ஒகிதாவின் மனைவி கேட்டாள்.

"ரொம்ப சுலபம்ங்க. செத்தது எங்க கிடக்கோ அங்கதான் இது வரும். அழுகின மீனைக் கூடையில போட்டு, கயிறு கட்டி இறக்கிட்டா போதும். தானே வந்து ஒட்டிக்கும்."

"அய்யய்யோ, தின்னும்போது சொல்றியே!"

"தின்னப்புறம் சொன்னா வாந்தி எடுப்பீங்கல்ல?"

சிரிப்பு எழுந்தது. பல்குச்சியால் சதையைக் குத்தித் திருகி, வால்நுனி அறுந்துபோகாமல் எடுக்கும் விதத்தைக் காட்டிவிட்டு, காட்டியதைத் தானே வாயில் போட்டுக்கொண்டாள். கொழுகொழுவென்று இருந்தது. இந்த வருடம் எல்லாமே கொழுத்துத்தான் கிடக்கிறது.

"எங்க இறக்கினதுண்ணே, இவ்வளவு பெருசா இருக்கு?"

இவாவோ அகப்பையால் கடல்முனைப் பக்கம் காட்டினார். எபிசு பாறை. காட்டியதும் கையை வெடுக்கென்று இறக்கிக்கொண்டார்.

"அங்கதான் போறோம். இன்னிக்கு அந்தக் கேள்வியைக் கேக்கணுமாம். தலைவர் உத்தரவு."

அகப்பை அண்டாவுக்குள் விழுந்தது. இவாவோ மேசையைச் சுற்றி வந்து அவள் சட்டைக் கையைப் பிடித்தார். தலையை இப்படியும் அப்படியும் ஆட்டினார். தொண்டையிலிருந்து வெறும் காற்றுதான் வந்தது.

"என்னண்ணே? சொல்றதுன்னா சொல்லு, இல்ல எழுதிக் காட்டு. தெய்ஜியப் பத்தி எப்பக் கேட்டாலும் வாயில அரிசி மோச்சி உருண்டைய அடைச்ச மாதிரி நிக்கறே. கேக்காம விட்டா என் பொழப்பு போயிடும், நீயா சோறு போடுவே?"

அவர் கண்ணில் நீர் நின்றது. அதைப் பார்க்க அவளுக்கு இன்னும் எரிச்சல் வந்தது. கையை உதறிக்கொண்டு நடந்தாள்.

வழியில் நாகதேவன் கோயிலில் எல்லாரும் தட்டினார்கள். இந்த முறை அவள் குனியாமல் கும்பலின் கைகளையே பார்த்துக்கொண்டிருந்தாள். இரண்டு முறை தட்டினார்கள். கைகள் எல்லாம் கூப்பியபடி நின்றன. அப்புறமும் தட்டல் வந்தது. கிட்டத்தில் வந்தது, பாதைக்குக் கீழேயிருந்து, அலை மோதுகிற இடத்திலிருந்து. டக். கொஞ்சம் பொறுத்து, டக்.

"எதிரொலியா?" என்றார் ஒகிதா.

"ஆமாங்க" என்றாள். பிடரி மயிர் நின்றுகொண்டது.

எபிசு பாறையில் நாலு பேர் நின்றால் நிறைந்துவிடும் அளவுக்குத்தான் இடம். மற்றவர்கள் படியில் நின்றார்கள். கடலுக்கு முதுகு காட்டி, உப்பில் வெளுத்த பலகைகளால் ஆன சின்னக் கோயில். பின்சுவருக்கும் பாறை விளிம்புக்கும் நடுவே ஒரு ஆள் நுழையத்தான் இடம். அங்கே ஒரு தூணில் நீல நைலான் கயிறு கட்டியிருந்தது. விறைப்பாக இறங்கி, மூட்டத்துக்குள் போய்விட்டது. இவாவோவின் நத்தைக் கூடையாக இருக்கும். கோயில் தூணிலா கட்டுவது? அறிவு கெட்ட மனுஷன்.

"இந்தச் சாமிக்குக் காது மந்தம். அதனால பின்சுவர்ல தட்டிக் கூப்பிட்டுத்தான் வேண்டிக்கணும்" என்றாள். "கடல்ல பிணம் மிதந்தா எங்க ஆளுங்க பிணம்னு சொல்ல மாட்டாங்க. எபிசுன்னு சொல்லுவாங்க. மீன் கொடுக்க வந்த சாமி. படகுல ஏத்தறதுக்கு முன்னாடி ஒருத்தன் கேப்பான், மீன் கொடுப்பியான்னு. பிணம் பேசாதில்லையா, இன்னொருத்தன் அதுக்கு வாயா இருந்து கொடுக்கறேன்னு சொல்லுவான். சொன்னா வாக்கு. அந்த வருஷம் வலை கிழியற அளவுக்கு மீன் விழும். ஆனா கரைக்குக் கொண்டுவந்து எரிச்சு எலும்பை அடக்கம் பண்ணிடணும்."

"பண்ணலன்னா?" என்றார் ஒகிதா.

யாரும் இதுவரை கேட்காத கேள்வி.

"நீங்க பிணம். நான் கேட்டதும் கொடுக்கறேன்னு சொல்லணும், அவ்வளவுதான்."

"வீட்லயும் அதே வேஷந்தான்" என்றாள் அவர் மனைவி.

ஷிஹோ கோயிலைச் சுற்றிப் பின்பக்கம் போனாள். ஒரு வருடமாக வாயில் எடுக்காத வார்த்தை. பலகையில் மூன்று முறை தட்டினாள்.

"மீன் கொடுப்பியா?"

ஒகிதா வாயைத் திறந்தார். அதற்குள் படியின் கீழிருந்து பதில் வந்துவிட்டது.

"கொடுத்துட்டேனே, ஷி."

ஷி. அவளை அப்படிக் கூப்பிட்டது உலகத்திலேயே ஒருவன்தான்.

எட்டிப் பார்த்தாள். படியில் இவாவோ நின்றுகொண்டிருந்தார். மேலங்கிகூட மாற்றாமல், அண்டாச் சாறு சொட்டச் சொட்ட ஓடி வந்திருக்கிறார். தலையை வேண்டாம் வேண்டாம் என்று ஆட்டிக்கொண்டிருந்தார். இரண்டு கையாலும் வாயைப் பொத்தியிருந்தார். பொத்திய கைக்குள்ளிருந்து தெய்ஜியின் குரல், சளியும் சிரிப்புமாக, சாப்பாட்டு மேசையில் பேசுகிற அதே நிதானத்தோடு வந்துகொண்டிருந்தது.

"வசந்தத்துல நான் மிதந்தப்ப ஊர்க்காரங்க கேட்டாங்க. அண்ணன்தான் என் வாயா இருந்தான். கொடுத்தேன். கரையேத்தினா மீன் நின்னுடும்னு இங்கேயே கட்டிப் போட்டுட்டாங்க. நீயும் சாப்பிட்டல்ல, ஷி? நல்லா இருந்துச்சா?"

கயிறு. கூடை. வாசலில் மீன். பார்க்காமல் திருப்பிக்கொண்ட முகங்கள். நாக்கில் சோயா ருசி இன்னும் இருந்தது.

"பிரமாதம்!" என்று ஒகிதா கை தட்டினார். "அண்ணன் தம்பி கதையெல்லாம் சேத்துட்டாங்க பாரு. இந்தக் கயிறும் இதுல சேர்த்தியா? இழுக்கணுமா?"

வேண்டாம் என்று சொல்ல வந்தாள். ஒரு வருடம். ஒரு எலும்புக்காக ஒரு வருடம் ஊர்க்காரன் ஒவ்வொருவன் காலிலும் விழுந்திருக்கிறாள். அத்தனை பேரும் தெரிந்தே நின்றிருக்கிறார்கள்.

"இழுங்க" என்றாள்.

ஒகிதாவும் இன்னும் இரண்டு பேரும் பின்பக்கம் நெருக்கியடித்து வந்து கயிற்றைப் பிடித்தார்கள். யொய்ஷோ, யொய்ஷோ என்று திருவிழாத் தேருக்குப் போடும் சத்தம். கனத்தது. நீரைச் சொட்டிக்கொண்டு ஏறியது. அழுகல் வாடை இல்லை, வெறும் உப்பு வாடை. இவாவோ படியில் மண்டியிட்டு நெற்றியைக் கல்லில் வைத்துவிட்டார்.

பிறகு கயிறு தொளதொளத்தது.

"அறுந்துடுச்சா?" என்றார் ஒகிதா. கயிறு அவர் கையில் வளைந்து தொங்கியது. யாரும் இழுக்கவில்லை. ஆனாலும் கீழே பாறையில் ஏதோ உரசும் சத்தம் நிற்கவில்லை. கரகர. கரகர. மேலே மேலே.

சிரிப்பு நின்றது.

மூட்டம் அசைந்தது. விளிம்பில் நத்தைகள் தெரிந்தன. கொத்துக் கொத்தாக, கொழுத்தவை, ஒன்றன்மேல் ஒன்று. ஏறி வந்தது அவை இல்லை. அவை ஒட்டிக்கொண்டு வந்தன. ஒன்று கழன்று விழுந்தது. இன்னொன்று. கழன்ற இடத்தில் வெளுப்பாக விரல்கள். சதை இல்லை. ஒரு கையும், அதற்குப் பக்கத்தில் மறு கையும். இரண்டும் கல்லைப் பற்றவில்லை. மெதுவாக ஒன்றையொன்று தேடி எழுந்தன.

டக்.

டக்.

அதன் பிறகு, முறைப்படி, விளிம்புக்கு மேலே ஒரு தலை அவளை நோக்கிக் குனிந்தது.