சிவப்புக் கோடு விழாத பெயர்

தாண்டவராயன் என்ற பெயருக்குக் கீழே சிவப்புக் கோடு விழவில்லை.

திண்டிவனத்தில் வேங்கடேசனின் டிடிபி கடையில் ஏழு வருஷமாக டைப் அடிக்கும் ஆரோக்கியசெல்விக்கு அந்தக் கோட்டோடு தினமும் மல்லுக்கட்டுதான். கம்ப்யூட்டருக்குத் தெரியாத பெயரை அடித்தால் போதும், அடியில் நெளிநெளியாக ஒன்று ஓடும்; அதன்மேல் மவுஸைச் சொடுக்கினால் சேர்க்கவா, நீக்கவா என்று கேட்கும். கண்ணீர் அஞ்சலி போஸ்டருக்கு வந்து முதுகுக்குப் பின்னால் நிற்பவர்களுக்கு அதைக் கண்டாலே ஆகாது. செத்தவர் பேருக்குக் கீழே ரத்தம் மாதிரி இதென்ன என்று ஒரு அம்மா அழுதே விட்டாள். அதனால் புதுப் பெயர் எது வந்தாலும் செல்வி அதை உடனே சொல்பட்டியலில் சேர்த்துவிடுவாள். அப்புறம் கோடு வராது. ஆனால் தாண்டவராயனை அவள் சேர்க்கவே இல்லை. இன்றைக்குக் காலையில்தான் அந்தப் பெயரை வாழ்க்கையில் முதல் தடவையாக அடித்தாள்.

முந்தின நாள் அந்தக் கோட்டைப் போடும் பிழைதிருத்தி படுத்துக்கொண்டது. லைப்ரரி ஃபைல் ஒன்றைக் காணோம் என்று அதற்கு ஒரே பல்லவி. வேங்கடேசனின் விழுப்புரம் கடையில் இருக்கும் தென்னரசிடம் போனில் சொன்னாள். "எங்கிட்ட இருக்குதுக்கா. போல்டரோட அனுப்புறேன், அப்படியே தூக்கிப் போட்டுக்குங்க" என்றான். போட்டாள், ஓடியது. அதோடு வந்த அவன் கடைச் சொல்பட்டியலில் வேறொரு தாண்டவராயன் இருந்திருப்பார் என்று தேற்றிக்கொண்டு போஸ்டரை முடித்துக் கொடுத்தாள்.

மூன்றரை மணிக்குப் பறைச் சத்தம் கேட்டது.

"தாண்டவராயன் அண்ணன எடுத்துக்கினு வர்றாங்க" என்று வேங்கடேசன் எழுந்தார். "வெடி வேற போட்டுக்கினு வர்றானுங்க. பொறி பட்டா பிளெக்ஸ் ரோலெல்லாம் போயிடும். நீ வேலையப் பாரு செல்வி, நான் ஷட்டர எறக்கிட்டு வெளிய நிக்கிறேன்."

பிணம் தாண்டும்வரை கடைகள் ஷட்டரைப் பாதி இறக்கி வைப்பது வழக்கம். அவர் முழுசாக இறக்கினார்.

பட்டப்பகல் ஒரே இழுப்பில் அணைந்தது; டியூப்லைட்டின் ரீங்காரமும், பிரிண்டர் மையின் காரமான வாடையும், ஷட்டர் தகடு வாங்கி வைத்திருந்த வெயிலின் புழுக்கமும், அடியிடுக்கில் புகுந்த வெடிப்புகையும் கசங்கிய ரோஜா மணமும் எல்லாமாகச் சேர்ந்து அந்தப் பத்துக்குப் பத்து அறையை இன்னும் சின்னதாக்கின. பறை நெருங்கி வந்தது, கடைக்கு நேராக வந்தது, அங்கேயே நின்று அடித்தது. இரண்டு நிமிஷத்தில் தாண்டிப் போகவேண்டிய ஊர்வலம் பத்து நிமிஷமாகியும் நகரவில்லை.

கையைச் சும்மா வைத்திருக்க முடியாமல் தென்னரசு அனுப்பிய போல்டரைத் திறந்தாள். சொல்பட்டியல் சாதாரண ஃபைல்தான், வரிக்கு ஒரு பெயர். மேலிருந்து கீழே வரை செத்தவர்கள். கடைசிக்கு முந்தின வரியில் தாண்டவராயன்.

கடைசி வரியில் ஆரோக்கியசெல்வி.

அதற்குக் கீழே ஒன்றுமில்லை.

அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய் என்று தனக்கே சொல்லிப் பார்த்தாள். 'என் பேர் எப்படி அதுல வந்துச்சு' என்று தென்னரசுக்கு வாட்ஸ்அப் போட்டாள். பதில் வரவில்லை. நாலேகாலுக்கு மகள் சங்கவி பள்ளிக்கூடப் பஸ்ஸில் கடை வாசலில் இறங்குவாள். இருவரும் சேர்ந்துதான் பிரம்மதேசத்தில் இருக்கும் வீட்டுக்குப் போவார்கள். அப்பன் இல்லாத பிள்ளை. தனக்கு ஒன்று ஆனால் அதற்கு யார்? வெளியே அடித்த பறை அவள் நெஞ்சுக்குள்ளேயே கேட்டது. வேர்த்த விரலால் அந்த வரியை அழித்தாள். சேமித்தாள்.

பறை நின்றது.

தன் பெயரை அடித்துப் பார்த்தாள். கீழே சிவப்புக் கோடு ஓடியது. "ஸ்தோத்திரம் ஆண்டவரே" என்று நாற்காலியில் சாய்ந்தாள். ஜென்மத்தில் முதல் தடவையாக அந்தக் கோடு அவளுக்கு அழகாகத் தெரிந்தது.

அப்போதுதான் தென்னரசின் குரல் பதிவு வந்தது.

"பயந்துட்டீங்களாக்கா? நான்தான் சேத்தேன். போன வாரம் எங்க ஊர்லயும் ஒரு தாண்டவராயன் செத்தாரு. அவர் பேர சேத்த கையோட, உங்க பேருக்கும் கோடு வரக்கூடாதுன்னு அதையும் போட்டேன். அது செத்தவங்க லிஸ்ட் இல்லக்கா. அதுக்குத் தெரிஞ்ச ஆளுங்க, அவ்ளோதான். அதுல இல்லாதவங்கள அது ஆளாவே எடுத்துக்காது."

செல்வி சிரித்துவிட்டாள். இதற்காகவா இத்தனை பேஜாரு. அவனைக் கூப்பிட்டாள். எடுத்தான்.

"ஹலோ... யாருங்க? பேரு வரலியே."

"நான்தான்டா, செல்வி அக்கா."

"ஹலோ? ஹலோ?" பக்கத்தில் யாரிடமோ சொன்னான்: "லைன்ல சத்தமே இல்ல." வைத்துவிட்டான்.

ஷட்டர் உயர்ந்தது. வெளிச்சத்தில் கண் கூசியது. வேங்கடேசன் உள்ளே எட்டிப் பார்த்தார். அவள் நாற்காலியைப் பார்த்தார். அதைத் தாண்டிப் பார்த்தார்.

"சிஸ்டத்த ஆன்லயே உட்டுட்டனா" என்று முனகினார்.

"அண்ணா."

அவர் திரும்பவில்லை. அவள் எழுந்து ஓடினாள். வாசற்படியில் கால் வைத்தாள். அடுத்த அடி நாற்காலிக்குப் பக்கத்தில் விழுந்தது. மறுபடி ஓடினாள். மறுபடி நாற்காலி.

பஸ் வந்து நின்றது. சங்கவி இறங்கினாள். நீலச் சீருடை, காலையில் செல்வி பின்னிய இரட்டைச் சடை, கையில் தண்ணி பாட்டில். வழக்கம்போல் நேராகக் கடை வாசலுக்கு வந்து நின்றாள்.

"யாரும்மா நீ? என்ன வேணும்?" என்றார் வேங்கடேசன்.

பிள்ளை உள்ளே பார்த்தது. அம்மாவின் முகத்துக்கு நேராக. வெகுநேரம்.

"தெரியலீங்க. எதுக்கு இங்க எறங்கினேன்னு தெரியல."

"கூப்பிட யாராச்சும் வருவாங்களா?"

"எனக்கு யாரும் இல்லீங்களே."

செல்வி கத்தினாள். தொண்டை கிழியக் கத்தினாள். சங்கவி பாட்டிலை மாற்றிப் பிடித்துக்கொண்டு ரோட்டைப் பார்த்துத் திரும்பி நின்றாள்.

"சரி, இங்கயே நிக்காத. நான் சுடுகாடு வரைக்கும் போய்ட்டு வர்றேன்" என்றார் வேங்கடேசன்.

ஷட்டர் இறங்கியது. பாதி. முழுசு. பூட்டு விழுந்தது.

இருட்டு. மானிட்டர் வெளிச்சம் மட்டும். சிமெண்டுத் தரையில் ஏதோ சிவப்பாகத் தெரிந்தது. ஊர்வலத்தில் இறைத்த ரோஜா இதழ் அடியிடுக்கில் வந்திருக்கும் என்று நினைத்தாள். ஓர் அடி விலகினாள். அதுவும் விலகியது. சுவரோரம் போனாள். அங்கேயும் வந்தது.

காலுக்கு அடியில். நெளிநெளியாக. சரியாக அவள் அகலத்துக்கு.

மேசைமேல், யாரும் தொடாத மவுஸ் ஒரு முறை சொடுக்கியது.