வெறும் வயிற்றில் நாலு கோப்பை

காலை எட்டு மணிக்கே மாத்தளையில் வெயில் ஏறிவிட்டது. ஆஸ்பத்திரியின் பழைய வார்டுக்குள் மட்டும் ஈரச் சுவரின் குளிர். பர்ஸானா தங்கையின் கட்டிலருகே உட்கார்ந்திருந்தாள். பத்து மணிக்குப் பஸ்லாவுக்குக் குடல்வால் ஒப்பரேஷன். மயக்க மருந்து ஏறும்போது வயிற்றில் தண்ணீர் இருந்தால் அது நுரையீரலுக்குள் போய் உயிரையே எடுத்துவிடும் என்று டொக்டர் சொல்லியிருந்தார். இரவிலிருந்து ஒரு சொட்டும் கொடுக்கவில்லை.

“ராத்தா, விடாய் தாங்க ஏலாது.”

“கொஞ்சம் பொறுங்க. இந்தாங்க, என்ட போன்.”

பஸ்லா அதில் ஒரு கதை விளையாட்டைத் திறந்தாள். ஆளில்லாத நடைவழி. அதன் கோடியில் பானம் தரும் இயந்திரம். அழுத்தினால் கோப்பை நிறையும். பிறகு இரண்டு தெரிவுகள்: குடி, ஊற்றிவிடு.

“கேம்ல குடிச்சா நர்ஸ் மிஸ் ஏசுவாங்களா?”

“வயிறு முட்டக் குடிங்க” என்று சிரித்தாள் பர்ஸானா.

பஸ்லா நாலு கோப்பை குடித்தாள்.

வெடித்துக் கிடந்த அவள் உதடுகள் ஈரமாயின. மூச்சில் துருப்பிடித்த குழாயின் வாடை வந்தது.

“விடாய் போயிருச்சி ராத்தா. வயிறுதான் குளிருது.”

பர்ஸானா அவள் வயிற்றில் கை வைத்தாள்.

உள்ளே தண்ணீர் தளும்பியது.

தாதி தள்ளுவண்டியோடு வந்தாள். “ஏதாச்சும் குடிச்சாங்களா?”

போன் தானாக ஒளிர்ந்தது. ‘தாதி கேட்கிறாள். உண்மை சொல்வாயா, பொய் சொல்வாயா?’

விளையாட்டில் குடித்தாள் என்றால் யார் நம்புவார்கள்? ஆனாலும் பர்ஸானா சொன்னாள்.

“குடிச்சாங்க மிஸ். நாலு கோப்பை. நான்தான் குடுத்தேன்.”

“தங்கச்சியக் கொல்லப் பாத்தீங்களா? படிச்ச பொண்ணு மாதிரி இருக்கீங்க!”

வார்டே திரும்பிப் பார்த்தது. பஸ்லா ஒருக்களித்து வாந்தி எடுத்தாள். கறுத்த தண்ணீர். வாளி நிறைந்தும் நிற்கவில்லை.

தாதியின் முகம் வெளிறியது. ஒப்பரேஷன் தள்ளிப்போனது.

தங்கை பிழைத்தாள் என்று பர்ஸானா மூச்சு விட்டாள்.

பஸ்லாவுக்குப் பதிலாக, அடுத்துக் காத்திருந்த கிருஷ்ணம்மா என்ற பெண்ணை வண்டியில் ஏற்றினார்கள்.

போனில் கோப்பை மறுபடியும் நிறைந்தது. இம்முறை தெரிவு ஒன்றுதான்.

குடி.

பர்ஸானா போனை அணைத்தாள். வண்டி அவளைக் கடந்தது. கிருஷ்ணம்மாவின் கண்கள் மூடியிருந்தன. கைகளில் ஒன்றுமில்லை.

தொண்டை மட்டும் ஏறி இறங்கியது.

மடக். மடக்.

“நிப்பாட்டுங்க மிஸ்! அவங்களும் குடிக்கிறாங்க!”

தாதி வண்டியை நிறுத்தவில்லை. “இவங்களுக்கும் நீங்கதான் குடுத்தீங்களா?”

ஒப்பரேஷன் தியேட்டர் கதவு மூடிக்கொண்டது.

அதற்குப் பின்னால் இன்னொரு கோப்பை நிறையும் சத்தம் கேட்டது.