வேங்கைக் கதவு

ஆறுமுகநேரியைத் தாண்டி உப்பளத்துச் சாலையில் கார் திரும்பியதும் ஈவாஞ்சலின் கண்களைச் சுருக்கிக்கொண்டாள். இரண்டு பக்கமும் பாத்தி பாத்தியாக வெள்ளை. ஒரு மரத்து நிழல்கூட விழாத அந்த வெளியின் நடுவே மாமனாரின் புது வீடு தனியாக நின்றது.

ஜெபசிங் மலையில் வனத்துறை ரேஞ்சராக இருந்து ஓய்வு பெற்றவர். மனைவி இறந்தபின் தனியாக இருந்தார். சமைக்க வந்துகொண்டிருந்த பெண் காரணம் சொல்லாமல் நின்றுவிட்டாள். "லீவுக்கு இங்கன வந்து கொஞ்ச நாள் இருங்க" என்று மகனைக் கூப்பிட்டிருந்தார். மகன் நேசக்குமாருக்குத் தூத்துக்குடித் துறைமுகத்துப் பக்கம் மரக்கடை. ஈவாஞ்சலின் பள்ளிக்கூட டீச்சர்.

வந்ததும் வராததுமாக மருமகளைக் கூட்டிப்போய்த் தன் அறைக் கதவைக் காட்டினார்.

"பாரும்மா ஈவா. வேங்கை. ஒரே மரத்துல அறுத்தது. இப்ப நீ லட்ச லட்சமா கொட்டுனாலும் கிடைக்காது."

அவள் கையை வைத்துப் பார்த்தாள். வெளியே அப்படி வெயில் கொளுத்தியது. கதவோ, அருவிக்கரைப் பாறையைத் தொட்டதுபோல் சில்லென்று இருந்தது. பக்கத்தில் போகப் போக மழையில் ஊறி மட்கிய இலைகளின் வாடை. சாவித் துவாரத்திலிருந்து சிவப்பாக ஏதோ ஒழுகிக் காய்ந்திருந்தது.

"இது என்ன மாமா?"

"வேங்கைப் பால். வெட்டுனா ரத்தம் மாதிரி வடியும்" என்றவர், தோளில் கிடந்த துண்டால் துடைத்தார். துடைத்துவிட்டு ஒரு கணம் துண்டையே பார்த்தார். "காஞ்ச மரத்துல வடியாதே..."

துண்டில் பட்டது ஈரமாக இருந்தது.

மறுநாள் மத்தியானம் ஆண்கள் இருவரும் சாப்பிட்டுப் படுத்துவிட்டார்கள். பாத்திரம் கழுவிக்கொண்டிருந்த ஈவாஞ்சலின், கேட் ஓரம் ஒருத்தி நிற்பதைப் பார்த்தாள். குட்டையான உருவம். எலும்பில் துணியைச் சுற்றியதுபோல ஒரு சேலை. செருப்பில்லாத கால்களில் முழங்கால் வரை கறுத்த சேறு. அந்தச் சீமையில் அப்படிக் கறுப்பு மண்ணே கிடையாது.

"யாரும்மா? என்ன வேணும்?"

"அவரு உண்டாரா?"

"மாமாவா? இப்பதான் சாப்பிட்டுப் படுத்தாங்க."

"வயிறு நெறைய உண்டாரா?"

பாவம், பசியில் கேட்கிறாள் என்று நினைத்து, தட்டில் சோறு போட்டு மீன் குழம்பு ஊற்றிக்கொண்டு வந்தாள். அந்தப் பெண் சோற்றைக் குனிந்து பார்த்தாள்.

"எனக்கு இனி வேண்டாம். அவருக்கு எடுத்து வையி."

தட்டைப் படியில் வைத்துவிட்டு நிமிர்ந்தபோது கேட்டில் யாரும் இல்லை. கண்ணுக்கெட்டிய தூரம் உப்புச் சாலை வெறிச்சோடிக் கிடந்தது. ஓடி ஒளிய ஒரு புதர்கூட இல்லை.

அந்தப் பெண் நின்ற இடத்தில் ஓர் அட்டை நெளிந்துகொண்டிருந்தது.

உப்புக்காட்டில், மலை அட்டை.

அன்று சாயந்தரம் பலகாரம் சாப்பிடும்போது இதைச் சொன்னாள். நேசக்குமார் கையிலிருந்த வாழைக்காய் பஜ்ஜியைக் கீழே வைத்தான். ஜெபசிங் சிரித்தார்.

"காணிக்காரி மாதிரில்லா சொல்லுத. மலையில நூறு வருசமா கிடந்த ஜனம். தேன் எடுக்கது, கிழங்கு தோண்டுறது, மிளகு பறிக்கது. காட்டைக் காப்பாத்தணும்னா மனுசன் உள்ள இருக்கக் கூடாதுன்னு சட்டம் பேசி, அத்தனை பேரையும் கீழ இறக்கி அணைக்குப் பக்கம் தகரக் கொட்டகையில போட்டேன். அது சாமான்ய வேலையா?"

"அங்க என்ன மாமா செஞ்சு பிழைச்சாங்க?"

"அது என் வேலையாம்மா? பாஸ் இல்லாம மேல ஏறக் கூடாதுன்னு சொன்னா ஏறக் கூடாது. ஒருத்தி ஏறுனா. பிள்ளைக்குக் கஞ்சி இல்ல, கிழங்கு தோண்ட வந்தேன்னா. ஏறுனவ, நாங்க அந்தக் கதவுக்கு வேங்கையை அறுக்கதையும் பாத்துட்டா. அவுக குடியிருப்புக்கு நடுவுல நின்ன மரம். காத்துல விழுந்த மரம்னு கணக்குக் காட்டி வச்சிருந்தோம்."

"அப்பா, போதும்" என்றான் நேசக்குமார்.

"என்னலே போதும்? ஈவா நம்ம பிள்ளைதான. கத்தக் கூடாதுன்னு மர டிப்போ ஷெட்டுல அடைச்சேன். வெள்ளிக்கிழமை. மறுநாள் நம்ம சொந்தத்துல ஒரு கல்யாணம், இறங்கி வந்துட்டேன். ஞாபகமே இல்ல. எங்க, அடுத்த வாரம்லா ஏறிப் போனேன். ஷெட்டுக் கதவைப் பூராவும் பல்லால கடிச்சு வச்சிருந்தா."

தண்ணீரைக் குடித்துவிட்டு, "அவ செத்ததும் மேலிடத்துக்கு எழுதாம முடிஞ்சிட்டு" என்றார்.

 ஈவாஞ்சலின், அந்தப் பெண்ணின் குழந்தை என்ன ஆயிற்று என்று கேட்க வாயெடுத்தாள். அவர் எழுந்து போய்விட்டார்.

அடுத்த நாள் மத்தியானமும் ஜெபசிங் நன்றாகச் சாப்பிட்டார். இரண்டாம் முறை சோறு வாங்கிக்கொண்டார். அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினார்.

கொஞ்ச நேரத்தில் உள்ளேயிருந்து தட்டினார்.

"லேய் நேசா! கதவைத் திற!"

"உள்பக்கம்தான தாழ்ப்பாள் இருக்கு? எடுங்கப்பா."

"எடுத்துட்டேம்லே. திறக்க மாட்டேங்கு."

நேசக்குமார் தோளால் மோதினான். கதவு அசையவில்லை. கடப்பாரையை இடுக்கில் நுழைத்து நெம்பினான். கடப்பாரை வளைந்தது. ஜன்னல் பக்கம் ஓடினான். கண்ணாடியில் உள்ளிருந்து பனி படர்ந்திருந்தது. அதற்குப் பின்னால், அந்த வெள்ளை வெயிலிலும், அறை பச்சை இருட்டாகக் கிடந்தது.

"ஏலே... பசிக்குலே."

ஈவாஞ்சலின் கணவனைப் பார்த்தாள். சாப்பிட்டு அரை மணி நேரம்கூட ஆகவில்லை.

"குடலைப் பிடிச்சு இழுக்கு. ஏதாவது தாங்கலே..."

நேசக்குமார் கோடரியை எடுத்து வந்து கதவில் ஓங்கிப் போட்டான். வெட்டிய இடத்திலிருந்து சிவப்பாகப் பீறிட்டு அவன் முகத்தில் அடித்தது.

அப்போது உள்ளே இன்னொரு குரல் கேட்டது. கேட்டில் கேட்ட அதே குரல். கோபமில்லை. அவசரமில்லை.

"என் பேரு என்ன? சொல்லு. திறக்கேன்."

 ஜெபசிங் ஆரம்பித்தார்.

"வள்ளி. வள்ளிதான?"

கதவு திறக்கவில்லை.

"காளியம்மா... பொன்னி... யம்மா, தாயே, நீயே சொல்லிரு..."

"என் பேரு என்ன?"

தெரிந்த பெண் பெயர்களையெல்லாம் சொன்னார். செத்துப்போன தன் மனைவியின் பெயரைச் சொன்னார். மருமகளின் பெயரைச் சொன்னார். ஒவ்வொரு பெயருக்கும் குரல் மெலிந்துகொண்டே வந்தது.

நேசக்குமார் கோடரியை நழுவவிட்டுத் தரையில் உட்கார்ந்துவிட்டான்.

"அந்தச் சனிக்கிழமை டிப்போ வாட்சர் சொரிமுத்து நம்ம கடைக்குப் போன் போட்டாருளா. நான்தான் எடுத்தேன். பொம்பளை உள்ள கத்துதா, அப்பாகிட்ட சொல்லுங்கன்னாரு. லோடு இறங்கட்டும், பொறவு பாத்துக்கிடலாம்னு வச்சிட்டேன்."

"அப்ப பேரு சொன்னாரா?"

"சொன்னாரு." அவன் தலையில் அடித்துக்கொண்டான். "நான் காதுல வாங்கலயே..."

ஈவாஞ்சலினுக்குச் சுருக்கென்றது. தட்டு நிறையச் சோறு போட்டுக்கொண்டு போனவள், நீ யார், உன் பெயர் என்ன என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை. கேட்டுக்கு ஓடினாள். உப்புப் பாத்திகளைப் பார்த்துக் கத்தினாள்.

"உன் பேரு என்னம்மா? என்கிட்டயாவது சொல்லும்மா!"

காற்று மட்டும் அடித்தது.

திரும்பி வந்தபோது வேங்கைக் கதவு தானாகத் திறந்து கிடந்தது.

ஜெபசிங் கதவடியில் சுருண்டிருந்தார். சட்டைக்குள் ஒரு குழந்தையைப் போட்டதுபோல் உடம்பு. கன்னம் ஒட்டி, விலா எலும்பை ஒவ்வொன்றாக எண்ணிவிடலாம். வந்து பார்த்த டாக்டர், "எத்தனை நாளா இவருக்குச் சோறு தண்ணி குடுக்கல?" என்று மருமகளிடம் எரிந்து விழுந்தார். கதவின் உள்பக்கம் அடியிலிருந்து ஆள் உயரத்துக்குப் பல் தடம். அவர் வாய் நிறைய மரச் சிராய்.

கல்லறைத் தோட்டத்தில் அடக்கம் முடிந்த மறுநாள், கதவை உப்பளத்து ஓரம் போட்டு எரித்தார்கள். முழுக்கச் சாம்பலாகும்வரை நேசக்குமார் அங்கேயே நின்றான். வீட்டைப் பூட்டிச் சாவியைத் தரகரிடம் கொடுத்துவிட்டுத் தூத்துக்குடிக்குத் திரும்பினார்கள்.

மூன்றாவது மாடியில் அவர்களுடைய ஃபிளாட். கீழே துறைமுகத்துக்குப் போகும் லாரிகளின் சத்தம். பால்காரன், பக்கத்து வீட்டு டிவி, குக்கர் விசில். ஈவாஞ்சலினுக்கு அன்றுதான் மூச்சு ஒழுங்காக வந்தது. இட்லி அவித்து வைத்தாள். நேசக்குமார் அதிகமாகவே சாப்பிட்டுவிட்டுக் குளிக்கப் போனான்.

குழாய்ச் சத்தம் நின்றது.

"ஏளா, விளையாடாத. கதவைத் திற."

அவள் அடுப்படியிலிருந்து வந்தாள்.

"ஏன் வெளிய தாழ்ப்பாள் போட்ட? எனக்குப் பசிக்குளா."

கடையில் வாங்கி மாட்டிய பிளாஸ்டிக் கதவு அது. வெளிப்பக்கம் அதற்குத் தாழ்ப்பாளே கிடையாது.

ஈவாஞ்சலின் கைப்பிடியை இழுத்துக்கொண்டு நின்றாள். உள்ளே அவன் ஒவ்வொரு பெயராகச் சொல்லத் தொடங்கியிருந்தான்.